மாப்பிள்ளை வந்த தபால் சாரட்டு

எங்கள் ஊர் வழியாகப் போகிற தபால் ரோட்டில் எங்கள் ஊர் வண்டி போகக் கூடாது. வெளியூர்க்காரர்களிடம் இதைச் சொன்னால் சிரிப்பார்கள். எங்களுக்குப் பழகிப்போன சங்கதி அது. ஜாவாவின் மேற்குக் கோடியிலிருந்து கிழக்குக் கோடிவரை ஓடுகிற அந்த ரோடு துரைமாருக்கு, தபாலுக்கு, பீரங்கியை இழுத்துக்கொண்டு போகிற பட்டாளத்துக்கு. கூழாங்கல் பரப்பி, இருபக்கமும் புளியங்கன்று நட்டு, மழைத்தண்ணீர் வடியக் கால்வாய் வெட்டி, பார்த்தாலே படுத்துத் தூங்கலாம் போல இருக்கும்.

அதற்குக் கீழே வயலோரமாக இன்னொரு பாதை. நெல், உப்பு, காப்பி மூட்டை ஏற்றிய எருமை வண்டிகள் எல்லாம் அந்தச் சேற்றில்தான். மழைக்காலத்தில் வண்டிகள் அதில் போவதில்லை, நீந்தும். நடந்து போகிறவன் மட்டும் மேல் ரோட்டின் ஓரமாகப் போகலாம். சாரட்டு வந்தால் இறங்கிக் குந்திக்கொள்ள வேண்டும். சாரட்டுக்குள் துரை இல்லாமல் வெறும் தபால் பை இருந்தாலும் குந்தத்தான் வேண்டும்.

நான் அந்த நாளில் பாசிர் அங்சானா தபால் நிலையத்தில் குதிரை மாற்றுகிறவன். பெயர் சர்ஜா. நிலையம் என்றால், ரோட்டுக்குக் குறுக்கே இருபக்கமும் தூண் நட்டுப் போட்ட பெரிய கூரை. சாரட்டு அதற்குள் வந்து நிற்கும். களைத்த குதிரைகளை அவிழ்த்துப் புதுக் குதிரைகளைக் கட்டுவோம். துரை வெயில் படாமல் கொட்டாவி விடுவார். அடுத்த நிலையம்வரை நாங்கள் இரண்டு பேர் குதிரைகளோடு கூடவே ஓடிச் சாட்டையைச் சொடுக்க வேண்டும். ஆனால் எங்கள் நிலையத்தைத் தாண்டினால் உடனே மலை ஏற்றம். அங்கே குதிரைக்கு மூச்சு போதாது, எருமை வேண்டும். அந்த எருமைகள் ரும்சாவுடையவை.

ரும்சாவுக்கு அப்போது நாற்பதுக்குப் பக்கம் இருக்கும். புருஷன் காய்ச்சலில் போய்ச் சேர்ந்தபோது விட்டுப்போனது ஒரு பெண் குழந்தையும் கொஞ்சம் எருமைகளும். இரண்டையும் நன்றாக வளர்த்தாள். எருமைகளுக்குத் தலைவி ஒரு வெளுத்த தோல் எருமை. ரோஜா நிறத் தோலும் பழுப்பு மயிருமாக இருக்கும். அதற்கு நோனா என்று பெயர் வைத்திருந்தாள். நோனா என்றால் ஒல்லாந்துச் சீமாட்டிகளைக் கூப்பிடுகிற சொல். துரைமார் வரும்போது மட்டும் அதை யாரும் பெயர் சொல்லிக் கூப்பிடக் கூடாது என்று மண்டோர் கண்டித்து வைத்திருந்தார்.

மண்டோர் வங்சாதான் எங்கள் நிலையத்துக்குத் தலைவர். மனைவியை இழந்தவர், குதிரைப் பைத்தியம். நெஞ்சில் பித்தளை வில்லை, தலையில் இஸ்திரி போட்ட மாதிரி மடிப்புக் கலையாத தலைப்பாகை. ரோட்டில் ஒரு சாணி கிடந்தால் அது எந்தக் குதிரையுடையது என்று விசாரணை நடத்துவார். எருமையை மட்டும் அவருக்குப் பிடிக்காது. ஏற்றத்துக்கு எருமை கட்டுகிற வேளையில் எதிர்ப்பக்கம் திரும்பி நின்றுகொள்வார், ஏதோ அசிங்கம் நடக்கிற மாதிரி.

ரும்சாவும் அவரும் பேசிக்கொள்வதில்லை. அதற்குக் காரணம் இருந்தது. இரண்டு வருஷத்துக்கு முன்னால் ரும்சாவின் மகள் கேசிக்கு வடக்கே ஒரு கிராமத்தில் மாப்பிள்ளை பேசி முடித்திருந்தார்கள். நிச்சயித்த நாளில் மாப்பிள்ளை வீட்டார் கீழ்ப்பாதையில் வண்டி கட்டி வந்தார்கள். நல்ல மழை. நிலையத்துக்குச் சற்று முன்னால் அச்சு முறிந்து வண்டி சேற்றில் உட்கார்ந்துவிட்டது. வேறொரு வண்டி கொண்டுவந்து மேல் ரோட்டில் கொஞ்ச தூரம் மட்டும் போக விடுங்கள் என்று மண்டோரிடம் கெஞ்சினார்கள். அவர் உத்தரவைச் சொன்னார். பொழுது சாய்கிறவரை சேற்றில் நின்ற அந்தக் கூட்டம், இது நல்ல சகுனம் இல்லை என்று வந்த வழியே திரும்பிவிட்டது. கல்யாணம் நின்றுபோயிற்று. கேசி மஞ்சள் பூசிய முகத்தோடு உட்கார்ந்திருந்ததை நானே பார்த்தேன். அன்றிலிருந்து ரும்சா மண்டோரிடம் எத்தனை எருமை வேண்டும் என்று கேட்பதோடு சரி.

இப்போது இரண்டாவது சம்பந்தம். மாப்பிள்ளை பெயர் ஜஸ்வான், மலைக்கு மேலே இருக்கிற ஊர்க்காரன். சந்தையில் வெல்லம் விற்கிற பையன், வாய் ஓயாமல் பேசுவான், கேசியைச் சிரிக்க வைக்கத் தெரிந்தவன். எங்கள் வழக்கப்படி மாப்பிள்ளை வீட்டார்தான் சீரோடு பெண் வீட்டுக்கு வர வேண்டும். கட்டில், அலமாரி, உரல், ஆடு, பலகாரம் எல்லாம் வர வேண்டும். போதாததற்கு மாப்பிள்ளையின் அம்மா தார்மிக்கு முழங்கால் வீங்கி நடக்க முடியாது. தோளில் தூக்கிப் போகலாம் என்றால், நல்ல கனத்த உடம்பு. சம்பந்தி வீட்டுக்குள் நான் உட்கார்ந்துகொண்டுதான் நுழைவேன், இல்லாவிட்டால் நுழையவே மாட்டேன் என்று சொல்லி அனுப்பியிருந்தாள்.

கல்யாணத்துக்குச் சில நாள் இருக்கும்போது ஒரு பெருமழை பெய்தது. ஓடைப் பக்கம் கீழ்ப்பாதை பெயர்ந்து பள்ளத்தாக்கில் போய் விழுந்துவிட்டது. சேறுகூட மிச்சமில்லை. வண்டி போக வழியே கிடையாது.

மறுநாள் காலை ரும்சா நிலையத்துக்கு வந்தாள். நான் குதிரை தேய்த்துக்கொண்டிருந்தேன். மண்டோர் வில்லையைச் சாம்பல் போட்டுத் துலக்கிக்கொண்டிருந்தார். அவள் வந்து தூணுக்குப் பக்கத்தில் நின்றதைப் பார்த்ததுமே அவருக்கு விஷயம் புரிந்துவிட்டது. தலையைத் தூக்காமலே, உத்தரவு உத்தரவுதான் என்றார். நான் இன்னும் ஒண்ணும் கேக்கலையே என்றாள் ரும்சா. கேட்கப் போகிறாய் என்றார் அவர். கேட்டு நீங்கள் மறுத்தால், அடுத்து சாரட்டு வருகிற அன்றைக்கு என் எருமைகளுக்கெல்லாம் உடம்பு சரியில்லாமல் போகலாம் என்று அவள் சொன்னாள். எல்லாத்துக்குமா என்று அவர் கேட்டார். எல்லாத்துக்கும்தான், எருமைக்கு வயிற்று வலி என்று சொன்னால் எந்தத் துரை வந்து நாக்கை நீட்டச் சொல்லிப் பார்க்கப்போகிறார் என்றாள்.

எனக்குச் சிரிப்பு வந்தது. குதிரையின் மறுபக்கம் போய் நின்றுகொண்டேன்.

மண்டோர் சிரிக்கவில்லை. எருமை தரமாட்டேன் என்று சொல்வது சர்க்கார் வேலையை மறுப்பது, அதற்குப் பிரம்படி உண்டு என்று எடுத்துச் சொன்னார். ரும்சா கேட்டுக்கொண்டிருந்தாள். பிறகு மலைப் பக்கம் கையைக் காட்டினாள். நிலையத்திலிருந்து பார்த்தால் அந்த இடம் தெரியும். மலையின் விலாவைக் குடைந்து பாறையை வெட்டி ரோடு போட்டிருக்கிற திருப்பம்.

"மண்டோரே, அந்தப் பாறைய வெட்டப் போனவங்கள்ல எங்கப்பாவும் ஒருத்தர். நான் அப்ப இடுப்புல இருந்த புள்ள. மண்வெட்டியோட போனாரு, திரும்பி வரல. பொணம்கூட வரல. அங்கதான் எங்கயோ ரோட்டுக்கு அடியில கெடக்காரு. அவரு கெடக்குற ரோட்டுல அவரு பேத்திக்கு மாப்பிள்ளை வரக்கூடாதுன்னா, அத நீங்க என் மூஞ்சியப் பாத்துச் சொல்லணும். அன்னிக்கி மாதிரி உத்தரவப் பாத்துச் சொல்லக்கூடாது."

குரலை உயர்த்தவில்லை. சந்தையில் விலை சொல்வது போலத்தான் சொன்னாள். மண்டோர் துலக்குவதை நிறுத்திவிட்டார். அந்த ரோட்டைப் பற்றி நாங்கள் யாரும் அப்படிப் பேசுவதில்லை. எல்லார் வீட்டிலும் ஒருவர் போயிருக்கிறார். கோபக்காரப் பெரிய துரை ஒருவர் இருந்தார், பட்டாளம் கடற்கரைக்கு ஓடிப்போக ரோடு வேண்டும் என்றார், ஒவ்வொரு சீமைத் தலைவரும் ஆள் அனுப்பினார்கள், காய்ச்சலிலும் பட்டினியிலும் ஆட்கள் விழுந்தார்கள், ரோடு வந்தது. தபால் சீக்கிரம் போகிறது என்று இன்றைக்கும் துரைமார் மெச்சிக்கொள்கிறார்கள்.

மண்டோர் வில்லையைக் கீழே வைத்தார்.

"வண்டி போகக்கூடாதுன்னுதான் உத்தரவு."

"அது தெரியும்."

"லாயத்துக்குப் பின்னாடி ஒரு பழைய சாரட்டு கெடக்கு பாரு. அது வண்டி இல்ல. சாரட்டு."

ரும்சா அவரை ஒரு மாதிரியாகப் பார்த்தாள். அவர் மறுபடி வில்லையைத் துலக்கத் தொடங்கினார். அந்தச் சாரட்டைப் பழுது பார்க்கத் தாலுகா ஊருக்கு அனுப்ப வேண்டும் என்று போன வருஷமே சொல்லியிருக்கிறார்கள் என்றும், அனுப்புவதற்கு முன்னால் மேட்டில் ஒரு தரம் ஏற்றி இறக்கிச் சக்கரம் தாங்குமா என்று பார்ப்பது தன் பொறுப்பு என்றும், அதைக் கல்யாணத்தன்று பார்த்தால் என்ன குறைந்துவிடும் என்றும் வில்லையிடம் சொல்வதுபோல் சொன்னார். அன்றைக்குத் தபாலும் கிடையாது, முந்தின நாள்தான் போகும். உள்ளே யார் உட்கார்ந்திருந்தார்கள் என்று சக்கரத்துக்குத் தெரியாது.

அப்படித்தான் அந்தத் திட்டம் உண்டாயிற்று. உத்தரவைத் தவிர வேறெதையும் மதிக்காத மனிதரே அதில் ஓட்டை கண்டுபிடித்துக் கொடுத்தார்.

அந்தச் சாரட்டைப் பார்த்தீர்களானால் அழுகை வரும். தோல் கூரை கிழிந்து, ஒரு கதவு போய், உள்ளே கோழிகள் குடும்பம் நடத்திக்கொண்டிருந்தன. நானும் இன்னொரு லாயக்காரனும் கோழிகளைக் கிளப்பிவிட்டு, பிரம்பால் இழுத்துக் கட்டி, அச்சுக்குத் தேங்காய் எண்ணெய் விட்டோம். கதவு இருந்த இடத்தில் கேசி ஒரு பட்டிக் துணியைத் தொங்கவிட்டாள். மண்டோர் தூரத்தில் நின்று, ஆணி சரியாக அடிக்கவில்லை என்று எல்லாவற்றுக்கும் குறை சொன்னார்.

கல்யாணத்தன்று விடியற்காலையில் நோனாவையும் மற்ற எருமைகளையும் பூட்டி மலை ஏறினோம். முன்னால் ரும்சா நடந்தாள். அவள் எருமைகளை அடிக்கவே மாட்டாள். நாக்கை மடித்து ஒரு சத்தம் கொடுப்பாள், அவை அவள் வாசனையைப் பிடித்துக்கொண்டு பின்னாலேயே வரும். மண்டோரும் வந்தார். ரோட்டில் சர்க்கார் சொத்து போகும்போது சர்க்கார் ஆள் கூட வர வேண்டும் என்றார். புதுத் தலைப்பாகை கட்டியிருந்ததற்கு அவர் காரணம் சொல்லவில்லை.

மேலே மாப்பிள்ளை ஊரில் எங்களைப் பார்த்ததும் ஒரே ஆரவாரம். தார்மி அம்மாள் சாரட்டைச் சுற்றி ஒரு தரம் நொண்டி வந்து பார்த்துவிட்டு, துரைசானி மாதிரி உள்ளே ஏறி உட்கார்ந்தாள். சாரட்டு அவள் பக்கமாகச் சாய்ந்தது. மறுபக்கம் உரலை வைத்துச் சமன் செய்தோம். கூரைமேல் கட்டில், பின்னால் அலமாரி, அலமாரிக்கும் அம்மாளுக்கும் நடுவில் மாப்பிள்ளை ஜஸ்வான், அவன் மடியில் வெல்லப் பாகில் கிண்டிய பலகாரக் கூடை. இரண்டு ஆடுகளையும் சக்கரத்துக்குப் பக்கத்தில் நடத்திப் போனோம். அவற்றில் ஒன்று சிறிது தூரத்திலேயே எப்படியோ தார்மி அம்மாள் காலடியில் போய்ப் படுத்துக்கொண்டது. பின்னால் மேளக்காரர்களும் மூங்கில் கிலுக்கு ஆட்டுகிறவர்களும். ஊரே ரோட்டின் நடுவில் நடந்தது. ஓரமாகப் போகிறவர்கள்கூடக் கொஞ்சம் கொஞ்சமாக நடுவுக்கு வந்துவிட்டார்கள்.

இறக்கத்தில் சாரட்டு எருமைகளின்மேல் ஏறிவிடாமல் இருக்கப் பின்னால் ஒரு மரக்கட்டையைக் கட்டி இழுத்து வரச் செய்தோம். அது கல்லில் உரசி ஊளையிட்டது. அந்தச் சத்தத்துக்கு ஏற்றபடி மேளக்காரன் தாளத்தை மாற்றிக்கொண்டான். ஜஸ்வான் தலையை வெளியே நீட்டி, மண்டோரே, குந்தாம நிக்கிறவங்க பேரையெல்லாம் எழுதிக்குங்க என்று வழியில் வருகிறவர்களைக் காட்டிச் சொன்னான். மண்டோருக்கே சிரிப்பு வந்துவிட்டது. அவர் பல் எனக்கு அன்றுதான் தெரிந்தது.

பாறை வெட்டிய திருப்பத்துக்கு வந்தோம். திரும்பினால் எதிரே ஒரு சாரட்டு நிற்கிறது.

எங்களுடையதைப் போலக் கோழிக்கூடு அல்ல, பளபளவென்று கறுப்பு வர்ணம் அடித்த நிஜச் சாரட்டு. குதிரைகள் வாயில் நுரை தள்ள, ஒரு அடி எடுத்து வைக்க மாட்டோம் என்று காதை மடித்துக்கொண்டு நின்றன. சாரட்டோட்டி சாட்டையைக் கீழே போட்டுவிட்டுக் கல்லில் உட்கார்ந்திருந்தான். ரோட்டில் இறங்கி நின்று தொப்பியால் விசிறிக்கொண்டிருந்தவர் காப்பித் தோட்டங்களைப் பார்வையிடுகிற ஹூக்ஸ்ட்ரா துரை. மூன்று நாள் கழித்து வர வேண்டியவர். மேலே ஏதோ ஒரு கிடங்கில் காப்பிக்குப் பூஞ்சை பிடித்துவிட்டதென்று கேட்டு அவசரமாகக் கிளம்பி வந்திருக்கிறார். நிலையத்தில் எருமையும் இல்லை, மண்டோரும் இல்லை. குதிரைகளை மட்டும் கட்டி ஏறிப் பார்க்கலாம் என்று ஏறி, பாதியில் நின்றுவிட்டார்.

எங்கள் மேளம் நின்றது. கிலுக்கு நின்றது. நடுரோட்டில் நடந்தவர்கள் எல்லாம் தண்ணீர் வடிகிற மாதிரி ஓரத்துக்குப் போய்க் குந்திவிட்டார்கள். ரும்சாவும் நானும் எருமைகளும்தான் நடுவில். மண்டோர் தலைப்பாகையைச் சரிசெய்துகொண்டு முன்னால் போய்க் கை கட்டி நின்றார்.

ஹூக்ஸ்ட்ரா துரை சின்ன வயசுக்காரர், முகம் வெயிலில் சிவந்திருந்தது. எங்கள் பாஷையைப் புத்தகத்தில் படித்து வந்தவர். புத்தகம் வாசிக்கிற மாதிரியே பேசுவார்.

"மண்டோரே, இது யாது?"

"சாரட்டுங்க துரை. பழுது பார்க்கக் கொண்டு போறோம்."

"பழுது பார்ப்பதற்கு ஆடு எதன் பொருட்டு?"

மண்டோர் திரும்பிப் பார்த்தார். ஆடு பட்டிக் துணியை விலக்கி எட்டிப் பார்த்துக்கொண்டிருந்தது. அப்போது தார்மி அம்மாள் உள்ளேயிருந்தே, யாரது வழியை மறிக்கிறது, நோனா ஏன் நின்னுட்டா, நோனாவ ஓட்டச் சொல்லுங்க என்று சத்தம் போட்டாள். துரை சட்டென்று தொப்பியை நெஞ்சில் வைத்துக்கொண்டு, உள்ளே சீமாட்டி யாராவது இருக்கிறாரா என்று மரியாதையாகக் கேட்டார். நோனா அவர் பக்கத்தில் போய் அவர் சட்டைக் கையை முகர்ந்து பார்த்தது.

நான் மூச்சை அடக்கிக்கொண்டு மரத்தைப் பார்த்தேன். மண்டோர் கண்ணை மூடிக்கொண்டார்.

ரும்சாதான் பேசினாள். இது என் மகள் கல்யாணம், கீழ்ப்பாதை அடித்துப் போய்விட்டது, இந்த எருமைகள் என்னுடையவை, மண்டோர்மேல் குற்றம் இல்லை என்று நாலே பேச்சில் சொல்லி முடித்தாள். துரை கேட்டுக்கொண்டே மேற்கே பார்த்தார். கருமேகம் ஏறிக்கொண்டிருந்தது. மழைக்கு முன்னால் அவர் மேலே போயாக வேண்டும். எங்களுக்கோ, லெப்பை பெண் வீட்டில் வந்து உட்கார்ந்திருக்கிறார். மதியத்துக்குள் நிக்காஹ் முடியாவிட்டால் அவருக்கு அடுத்த ஊரில் இன்னொரு கல்யாணம். துரை வெகு நேரம் யோசிக்கவில்லை. எருமைகளை அவிழ்த்து என் சாரட்டில் கட்டு என்றார். அவ்வளவுதான். அதில் கோபமும் இல்லை, தயவும் இல்லை.

கட்டலாம். அந்தத் திருப்பத்தில் முன்பு கல் அடுக்கி வைத்திருந்த இடம் அகலமாக இருந்தது, இரண்டு சாரட்டும் உரசாமல் விலகிக்கொள்ளலாம். ஆனால் எங்கள் சாரட்டு? துரையின் குதிரைகள் ஏறத்தான் மாட்டா, இறங்கும். நீங்கள் எருமைகளை எடுத்துக்கொள்ளுங்கள், நாங்கள் குதிரைகளை எடுத்துக்கொள்கிறோம் என்று நான் சொன்னேன். எப்படி அந்தத் துணிச்சல் வந்தது என்று இன்றைக்கும் தெரியவில்லை. துரை கையை அசைத்தார்.

மாற்றிக் கட்டினோம். மேளக்காரன் மெதுவாக ஒரு தட்டு தட்டிப் பார்த்தான். எல்லாம் சரியாகிவிட்டது என்று நினைத்தபோது ரும்சாவின் முகத்தைப் பார்த்தேன். மாட்டுக் கயிற்றைப் பிடித்தபடி அசையாமல் நின்றாள். அப்புறம்தான் எனக்கு உறைத்தது. எருமைகள் மேலே போகுமென்றால் ரும்சாவும் மேலே போக வேண்டும். அவள் இல்லாமல் நோனா ஒரு அடி வைக்காது. மேலே போய்த் திரும்புவதற்குள் நிக்காஹ் முடிந்திருக்கும்.

"போயிட்டு வந்துர்றேன். கேசிகிட்ட நான் சொன்னேன்னு சொல்லு சர்ஜா. எனக்காகக் காத்திருக்க வேண்டாம்" என்றாள். போன தரம் நின்றுபோனது மாதிரி இந்தத் தரமும் நின்றுவிடக் கூடாது என்பதைத் தவிர அவள் மனசில் வேறொன்றும் இல்லை.

மண்டோர் வந்து அவள் கையிலிருந்த கயிற்றை வாங்கினார்.

"நீ சாரட்டுல ஏறு."

"நோனா உங்க பேச்சக் கேக்க மாட்டா மண்டோரே."

"குதிரையே கேக்குது. எருமை கேக்காதா?"

கேட்கவில்லை. அவர் கயிற்றை இழுத்தார், நோனா அவரைப் பார்த்தது. தட்டினார், பார்த்தது. உத்தரவு போடுகிற குரலில் நடடி என்றார். நோனா சாவகாசமாகச் சாணி போட்டது, அவர் கழுவிக் கழுவிப் பார்த்துக்கொள்கிற ரோட்டின் நடுவில். துரை கடிகாரத்தை எடுத்துப் பார்த்தார்.

ரும்சா தோளில் கிடந்த பழைய துணியை எடுத்தாள். எருமைக் கொட்டிலுக்குப் போகும்போது எப்போதும் அவள் போர்த்திக்கொள்கிற துணி அது. புகையும் வைக்கோலும் எருமையுமாக நாறும். அதை மண்டோரின் புதுத் தலைப்பாகைக்கு மேலே போட்டு, கழுத்தைச் சுற்றிக் கட்டிவிட்டாள். பித்தளை வில்லை மறைந்துபோயிற்று. நாக்கை மடித்து அந்தச் சத்தத்தை ஒரு தரம் செய்து காட்டினாள். மண்டோர் செய்தார். காற்றுப் போன ஊதுகுழல் மாதிரி வந்தது. இன்னொரு தரம் செய்யுங்க என்றாள். செய்தார். நோனா மூக்கை நீட்டித் துணியை முகர்ந்தது. அப்புறம் என்ன நினைத்ததோ, அவர் பின்னால் நடக்கத் தொடங்கிவிட்டது. மற்றவையும் கிளம்பின. துரையின் சாரட்டு முனகிக்கொண்டு நகர்ந்தது.

தலையில் பொம்பளைத் துணியோடு, வாயைக் குவித்துச் சத்தம் கொடுத்துக்கொண்டு, எருமைகளுக்கு முன்னால் மலை ஏறிப் போகிற மண்டோர் வங்சாவை ஊரே குந்தியபடி பார்த்தது. ஒருத்தரும் சிரிக்கவில்லை. தார்மி அம்மாள் மட்டும் பலகாரக் கூடையிலிருந்து ஒரு பொட்டலத்தை எடுத்து, கடந்து போகிற துரையின் சாரட்டு ஜன்னலுக்குள் நீட்டினாள். துரையின் சிவந்த கை வெளியே வந்து வாங்கிக்கொண்டது.

நான் சாரட்டோட்டி இடத்தில் ஏறினேன். ரும்சா எனக்குப் பக்கத்தில். அந்த ரோட்டில் எத்தனையோ வருஷம் எருமைக்கு முன்னால் நடந்திருக்கிறாள், ஏறி உட்கார்ந்தது அன்றுதான் முதல் தரம். பாறையை ஒட்டி இறங்கும்போது கையை நீட்டி அதை உள்ளங்கையால் தடவிக்கொண்டே வந்தாள். பாறை முடிகிறவரை கையை எடுக்கவில்லை. நான் வேறு பக்கம் பார்த்துக்கொண்டேன்.

இறக்கம் முடிந்து சமவெளி வந்ததும் குதிரைகளுக்கு உற்சாகம் வந்துவிட்டது. சர்க்கார் குதிரைகளுக்கு நடக்கத் தெரியாது, ஓடத்தான் தெரியும். ஊர் எல்லையிலிருந்து கேட்டவர்கள் தபால் வருகிறது என்று நினைத்து ஓரத்தில் குந்தினார்களாம். பார்த்தால் கூரையில் கட்டில், ஜன்னலில் ஆடு, பின்னால் ஓடி வருகிற மேளம், உள்ளே பலகாரக் கூடையைக் கட்டிக்கொண்டு கத்துகிற மாப்பிள்ளை. கேசி வாசலில் வந்து நின்றவள் சிரித்த சிரிப்பில் முகத்து மஞ்சள் உதிர்ந்துவிட்டது என்று பெண்கள் கடிந்துகொண்டார்கள். தார்மி அம்மாள் சொன்னபடியே உட்கார்ந்துகொண்டுதான் வந்தாள், வாசல்வரைக்கும். லெப்பை கிளம்புவதற்காகச் செருப்பைப் போட்டுக்கொண்டிருந்தார். கழற்றச் சொன்னோம்.

நிக்காஹ் முடிந்து, அரிசியும் மஞ்சளும் காசும் எறிந்து, மாப்பிள்ளை முட்டையை மிதித்து உடைத்து, எல்லாரும் இலைச்சோறு அவிழ்த்துச் சாப்பிட்டு முடிகிற நேரத்தில் மழை பிடித்துக்கொண்டது. அந்த மழையோடுதான் மண்டோர் வந்தார். எருமைகள் அவரை ஓட்டி வந்தனவா, அவர் எருமைகளை ஓட்டி வந்தாரா என்று சொல்ல முடியவில்லை. முழங்கால்வரை சேறு. துணி இன்னும் தலையில்தான் இருந்தது. துரையை மழைக்கு முன்னால் மேலே சேர்த்துவிட்டதாகச் சொன்னார். ஒவ்வொரு குட்டையையும் பார்த்து நோனா நின்றதாகவும், இறங்கிக் குளித்துவிட்டுத்தான் வருவேன் என்று திரும்பி வருகிற வழியில் ஒரு குட்டையில் படுத்துவிட்டதாகவும், பக்கத்திலேயே தானும் உட்கார வேண்டியிருந்ததாகவும் சொன்னார்.

ரும்சாவே அவருக்குச் சோறு போட்டாள். மீனும் மிளகாய்த் துவையலும் வைத்தாள்.

"நோனா உங்க பேச்சக் கேட்டாளா?"

"எம் பேச்ச எங்க கேட்டா? உன் துணி பேச்சத்தான் கேட்டா."

ஈரத் துணியை அவிழ்த்துத் திருப்பிக் கொடுக்கப் போனார். மழை விடட்டும், தலையில இருக்கட்டும் என்றாள் ரும்சா.

காரியம் அதோடு முடியவில்லை. ஒரு மாதம் கழித்து ஜில்லாத் தலைவரிடமிருந்து ஆள் வந்து மண்டோரைக் கூட்டிப் போனார்கள். துரை கோள் சொன்னாரா, வேறு யாராவது வத்தி வைத்தார்களா, தெரியாது. திரும்பி வரும்போது அவர் நெஞ்சில் வில்லை இல்லை. குதிரைகளை வேறொருவரிடம் ஒப்படைக்கச் சொல்லிவிட்டார்கள். இனிமேல் அவருக்கு ஏற்றத்து எருமைகளைப் பார்த்துக்கொள்கிற வேலை. அவர் குதிரைப் பைத்தியம் என்பது அந்த ஜில்லாத் தலைவருக்குத் தெரியும், அதனால்தான் அந்தத் தண்டனை. சில நாள் லாயத்துப் பக்கமே வராமல் இருந்தார். நான் போய்ப் பார்த்தபோது நோனாவின் கொம்புக்கு எண்ணெய் தடவிக்கொண்டிருந்தார். குதிரை அழகுதான் சர்ஜா, ஆனா அதுக்கு நம்மள அடையாளம் தெரியாது என்றார்.

அடுத்த அறுவடைக்குப் பிறகு அவரும் ரும்சாவும் நிக்காஹ் செய்துகொண்டார்கள். அதற்கு மேளம் கிடையாது, நடந்தே வந்தார், வெயிலில். சண்டை போடுவதை அவர்கள் நிறுத்தவில்லை. முன்பு ரோட்டுக்கு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமுமாக நின்று போட்டார்கள், பிறகு ஒரே வீட்டுக்குள்ளிருந்து போட்டார்கள்.

பல வருஷம் கழித்து எல்லா வண்டியும் மேல் ரோட்டில் போகலாம் என்று தண்டோரா போட்டார்கள். அதைக் கேட்ட மறுநாள் ரும்சா உப்பு ஏற்றிக்கொண்டு சந்தைக்குக் கிளம்பினாள். வண்டியில் அவள், பக்கத்தில் பழைய மண்டோர், முன்னால் நோனாவின் மகள். ரோட்டின் நடுவில், எருமை நடக்கிற நடையில். பின்னால் தபால் சாரட்டு வந்து ஊதுகுழலை ஊதியது. நான்தான் அன்றைக்கு அந்தக் குதிரைகளோடு ஓடிக்கொண்டிருந்தேன். சாரட்டோட்டி இன்னொரு தரம் ஊதினான். வங்சா பழக்க தோஷத்தில் கயிற்றைப் பிடித்து ஓரம் கட்டப் போனார். ரும்சா அவர் கையைத் தட்டிவிட்டாள்.

சந்தைவரைக்கும் நாங்கள் அவர்கள் பின்னாலேயே போனோம்.